ஷோகேஸ் பொம்மை திரும்பிய வாரம்

எங்கள் வீட்டு முன்னறை ஷோகேஸில் ஒரு பெரிய பொம்மை இருக்கிறது. மகன் கல்ஃபிலிருந்து முதல் லீவுக்கு வந்தபோது கொண்டுவந்தது. அழுக்குப் படக்கூடாதென்று பிளாஸ்டிக் உறையைக்கூடக் கழற்றவில்லை. எங்கள் பக்கத்தில் கல்ஃப் பொம்மை இருக்கிற வீடுகளில் எல்லாம் அப்படித்தான். அது விளையாடுவதற்கில்லை, வருகிறவர்கள் பார்ப்பதற்கு.

கல்யாணம் முடிந்து மகன் திரும்பிப் போனதும் வீட்டில் நானும் மருமகளும் மட்டும். அவள் அஞ்சுகிராமத்துப் பிள்ளை, படித்தவள். நான் அஞ்சாம் வகுப்பு. முந்திப் பேசவும் எனக்கு வராது.

"சாப்பிட்டியா மக்கா?"

"சாப்பிட்டேன் மாமி."

அதோடு பேச்சு தீர்ந்துவிடும். இந்தப் பிள்ளைக்கு இங்கே இருப்பு கொள்ளாமல் போய்விடுமோ என்று உள்ளுக்குள் ஒரே கவலை.

ஒரு மத்தியானம் டிவியில் கொலைகாரப் பொம்மைப் படம். அவள் பார்த்துக்கொண்டிருந்தாள். நானும் முருங்கைக்கீரையை உருவிக்கொண்டு பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். கட்டிலுக்கடியிலிருந்து பொம்மை கத்தியோடு வந்ததும் கீரை முழுக்கத் தரையில். ஆனாலும் எழுந்து போக மனசு வரவில்லை. பேய் புளியமரத்தில் இருந்தால் அந்த வழியே போகாமல் இருக்கலாம். பொம்மையை நாமே தூசி தட்டி வீட்டுக்குள் வைத்திருக்கிறோமே! அதில்தான் அந்தப் படங்களின் ருசி.

படம் முடிந்தபின் ஷோகேஸ் பக்கம் பார்க்கவே பயம். அவள் குளிக்கப் போன நேரம் பொம்மையின் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பினேன். காலையில் ஜெபம் முடித்துக் கண்ணைத் திறந்தால், அது என்னையே பார்க்கிறது. திரும்பவும் திருப்பினேன். சாயங்காலம் திரும்பவும் பார்த்தது. யாரிடம் சொல்ல? சபையில் தெரிந்தால் சிரிப்பார்கள்.

அந்த வாரமே மருமகள் பையில் துணி அடுக்கினாள். "கொஞ்ச நாள் அம்மா வீட்டுல நிண்ணுட்டு வாறேன் மாமி."

பையின் வாரைப் பிடித்துக்கொண்டேன். கேட்டுவிட்டேன். "நான் ஏதும் தப்பாச் சொன்னேனா மக்களே?"

"நீங்க வாயத் தொறந்தாத்தானே தப்பாச் சொல்ல!" என்றவள் குரலைத் தாழ்த்தினாள். "மாமி, சிரிக்கப்பிடாது. அந்தப் பொம்ம தன்னால சுவரப் பாத்துத் திரும்புது. நான் நேரே வச்சா, பின்னயும் திரும்புது."

"ஏட்டி, அது நானாக்கும்!"

"அய்யோ! அப்பம் நேரே திரும்பினதப் பாத்து நீங்க?"

"பேடிச்சுச் செத்தேன், அம்புட்டுப் பயம்!"

அவள் பையின்மேலேயே சாய்ந்து சிரித்தாள். "ஒரு வார்த்த எங்கிட்ட கேட்டிருக்கப்பிடாதா?"

"நீ மட்டும் கேட்டியா?"

கண்ணைத் துடைத்துக்கொண்டு, அடுக்கிய துணியை ஒவ்வொன்றாக வெளியே எடுத்தாள்.

இப்போது அப்படிப் படம் எது வந்தாலும் அடுக்களைக்குக் குரல் வரும்: "மாமி, கொலகாரி வந்தாச்சு!" நான் ஓடுவேன். கீரையை மட்டும் அடுக்களையிலேயே வைத்துவிடுவேன்.