ரிசப்ஷனில் கொட்டிய கெட்டி மேளம்

முகூர்த்தத்துக்கு முந்தின நாள் சாயங்காலமே ஒரு கல்யாணத்தில் கெட்டி மேளம் கொட்டி நீங்கள் கேட்டிருக்கிறீர்களா?

நான் கேட்டேன். போன வாரம், காஞ்சிபுரத்தில், என் நண்பர் தேவராஜன் மகளின் ரிசப்ஷனில். கொட்ட வைத்தவர் எஸ்தர். அவர் பெயரைச் சிபாரிசு செய்தவன் அடியேன்தான். அதனால் அந்த ஒரு நிமிஷம் எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்!

எஸ்தர் காஞ்சிபுரத்தை ஒட்டிய ஓரிக்கைக்காரர். அப்பா கொத்தனார். அம்மா பட்டு நூல் இழைத்துக் கொடுப்பவர். பிறவியிலேயே எஸ்தருக்குப் பார்வை கிடையாது. சின்ன வயதில் சர்ச்சில் இருந்த ஆர்மோனியப் பெட்டியைத் தொட்டுப் பார்க்கப் போனவர், வீட்டுக்குத் திரும்ப மாட்டேன் என்று அடம் பிடித்தாராம். அப்புறம் கீபோர்டு, பள்ளி ஹாஸ்டலில் வயலின், புல்லாங்குழல்... இப்போது நாதஸ்வரம் வரைக்கும் வந்திருக்கிறார். 'நாதஸ்வரம் எல்லாம் எதுக்கும்மா, மூச்சு முட்டுமே' என்று ஒரு தடவை கேட்டேன்.

"எங்கப்பா சாரத்துல ஏறி எறங்கி வீடு கட்டனவரு சார். அவரு பொண்ணுக்கு மூச்சு பத்தாதா?" என்றார்.

பல வருஷம் ஒரு மெல்லிசைக் குழுவில் வாசித்தார். அங்கே அவருக்கு ஒரு வேலை தனியாக உண்டு. நிகழ்ச்சியின் நடுவில் விளக்கை அணைப்பார்கள். அவர் மேல் மட்டும் வெளிச்சம் விழும். அறிவிப்பாளர் தொண்டையைக் கரகரப்பாக்கிக்கொண்டு, 'கண்ணில் ஒளி இல்லை, ஆனால்...' என்று ஆரம்பிப்பார். கூட்டம் எழுந்து நின்று கைதட்டும். அதற்கப்புறம்தான் எஸ்தர் வயலினையே எடுப்பார்.

"வாசிக்கறதுக்கு முன்னாடியே கை தட்டிப்புட்டா, நான் நல்லா வாசிச்சனா இல்லியான்னு எனுக்கு எப்டி சார் தெரியும்?"

நியாயமான கேள்வி. இதற்காகவே அந்தக் குழுவை விட்டு வெளியே வந்து சொந்தக் குழு ஆரம்பித்தார். தேவராஜன் வீட்டு ரிசப்ஷன்தான் முதல் மேடை. இது சொதப்பினால் ஊரில் அடுத்த கல்யாணத்துக்கு ஒருவரும் கூப்பிட மாட்டார்கள், பழைய குழுவுக்கே போக வேண்டியதுதான் என்பது அவருக்குத் தெரியும். ஆனாலும் ஒரே ஒரு நிபந்தனை போட்டார். தன் கண்ணைப் பற்றி மேடையில் யாரும் வாயே திறக்கக் கூடாது. தேவராஜன் சரி என்று தலையாட்டினார்.

தன் அண்ணனிடம் சொல்ல மறந்துவிட்டார். அங்கேதான் வந்தது வினை.

கல்யாணப் பெண்ணின் பெரியப்பாவான அவர் ஓய்வு பெற்ற என்ஜினியர். மார்கழி வந்தால் சென்னையில் சபா சபாவாக ஏறி இறங்கி, முதல் வரிசையில் தொடையில் தாளம் போடுகிற ரகம். நல்ல மனிதர். ஆனால் மைக்கைக் கண்டால் விட மாட்டார். கீபோர்டில் ஒன்று, வயலினில் ஒன்று என இரண்டு பாட்டு முடிந்தது. எஸ்தர் அடுத்ததற்கு நாதஸ்வரத்தை மடியில் வைத்து, அதை ஊதும் சீவாளியை வாயில் வைத்து ஈரமாக்கிக்கொண்டிருந்தார். பெரியப்பா விறுவிறுவென்று மேடையேறி மைக்கைப் பிடித்தார்.

"எல்லாரும் ஒரு நிமிஷம் கவனிங்க. இந்தப் பொண்ணு... பாவம், இதுக்குக் கண்ணு..."

அவ்வளவுதான். நாதஸ்வரம் பிளிறியது! முன்னறிவிப்பு இல்லை, ஆலாபனை இல்லை. எடுத்த எடுப்பில் கெட்டி மேளம். குழுவின் தவில்காரருக்கு யோசிக்க நேரமே இல்லை. அந்தச் சத்தம் காதில் விழுந்தால் தவில் வாசிக்கிறவர் கை சும்மா இருக்குமா? வெளுத்து வாங்கிவிட்டார்.

மண்டபம் மொத்தமும் எழுந்து நின்றுவிட்டது. பன்னீர் தட்டில் இருந்த ரோஜா இதழ்களை அள்ளி நாலு பேர் மாப்பிள்ளை மேல் போட்டார்கள். பெண்ணின் அத்தை சாப்பாட்டுப் பந்தியிலிருந்து கையில் பாயச டம்ளரோடு ஓடி வந்து, "இன்னாபா இது, முகூர்த்தம் காலைலதான? தாலி கட்டிப்புட்டாங்களா?" என்று அலறினார். நடுவில் பெரியப்பா நின்றுகொண்டிருந்தார். வாய் அசைந்தது. ஒரு சொல் கேட்க வேண்டுமே!

அவர் மைக்கை வைத்துவிட்டு இறங்குகிற வரைக்கும் எஸ்தர் நிறுத்தவில்லை. தவில்காரர் 'எறங்கிட்டாரு' என்றதும் அப்படியே கதனகுதூகல ராகத்தில் நுழைந்தார். நின்றவர்கள் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள். செல்போனில் இருந்தவர்கள் நிமிர்ந்தார்கள். வாசித்து முடித்தபோது கைதட்டல் வந்தது பாருங்கள்... எனக்குக் கண் கலங்கிவிட்டது. சொல்ல எனக்கென்ன வெட்கம்?

நிகழ்ச்சி முடிந்ததும் பெரியப்பா நேராக எஸ்தரிடம் போனார். முகம் சிவந்திருந்தது. நான் பின்னாலேயே ஓடினேன்.

"ஏம்மா, உன்னைப் பத்தி நாலு நல்ல வார்த்தை பேசலாம்னுதான வந்தேன்? கெட்டி மேளம் போட்டு என் வாயை அடைச்சிட்டியே!"

"கல்யாணத்துல ஆகாத வார்த்தை எதுவும் காதுல விழக் கூடாதுன்னுதான சார் கெட்டி மேளம் கொட்றது? நீங்க பாவம்னு ஆரம்பிச்சீங்க. அதான் கொட்டிட்டேன்."

சண்டைதான் என்று நான் முடிவே கட்டிவிட்டேன். எஸ்தரோ நிதானமாக, "பேசணும்னா பேசுங்க சார். என் வாசிப்பப் பத்திப் பேசுங்க. கேட்டுக்கறேன்" என்றார்.

மனுஷர் மோவாயைத் தடவினார். பிறகு, சபாவில் பக்கத்து நாற்காலிக்காரரிடம் பேசுகிற அதே கறார்க் குரலில் சொன்னார்: "ரெண்டாவதா வயலின்ல வாசிச்ச பாட்டு... சரணத்துல தாளம் ஓடிடுச்சும்மா. நீ தவிலை விட்டுட்டு முன்னால போய்ட்ட."

முதல் மேடை, முதல் நாள், இதையா சொல்வது?

எஸ்தர் அவர் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். முகமெல்லாம் சிரிப்பு. "எந்த எடத்துல சார்? கரெக்டா சொல்லுங்க! இத்தினி வருஷமா வாசிச்சிக்கினு இருக்கறேன், என் வாசிப்புல ஒருத்தர் குத்தம் சொல்றது இதான் சார் மொத தபா!"

அடுத்த கல்யாணத்துக்கு எஸ்தர் குழு புக் ஆகிவிட்டது. பெரியப்பாவும் வருகிறார்... தப்புக் கண்டுபிடிக்க, எஸ்தரின் தனி அழைப்பில்!