தையல் சங்கத்துக்கு வந்த போலீஸ்

அம்மா உறுப்பினராக இருக்கும் மகளிர் தையல் கூட்டுறவுச் சங்கம் அடையாறில் ஒரு சின்னக் கட்டடம். பள்ளிச் சீருடைத் துணியை வெட்டிக் கட்டாகக் கொடுப்பார்கள். வீட்டில் தைத்துத் திருப்பிக் கொடுக்க வேண்டும். அதன் தேர்தலுக்குப் போலீஸ் வேன் வந்து நின்றதும் எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. காஜா எடுக்கிற அக்காக்களிடம் என்ன ஆயுதம் இருக்கப் போகிறது? மிஞ்சினால் கத்தரிக்கோல்.

சிரிப்பு அடங்கியதும் சந்தேகம் வந்தது. யார் கூப்பிட்டது?

அம்மா நிர்வாகக் குழுவுக்கு நின்றாள். அவளுக்கு ஓட்டுப் போடப் போகிறவர்கள் எல்லாம் எங்களோடு ஆற்றோரம் இருந்து, ஊருக்கு வெளியே அடுக்குமாடிக்கு அனுப்பப்பட்ட பெண்கள். பஸ் மாறி மாறி அவர்கள் வந்து சேர்வதற்குள் சுலபமான துணியெல்லாம் போய்விடும். ஜெயித்தால் துணிக்கட்டுகளை ஆட்டோவில் அங்கேயே கொண்டுவருவதாக அம்மா சொல்லியிருந்தாள். அவர்கள் வீடுகளை இடித்த அன்றும் பொக்லைனுக்குப் பின்னால் இப்படியொரு வேன்தான் நின்றது. இது தெரிந்து, பல வருஷமாகக் குழுவில் இருக்கும் எதிர் அணி அக்கா செய்த வேலை என்று முடிவு கட்டினேன். அவள் பிளாஸ்கோடு வந்து போலீஸ்காரர்களுக்கு டீ ஊற்றியதைப் பார்த்ததும் உறுதியாகிவிட்டது.

நினைத்த மாதிரியே, ஓட்டுப் போட வந்த பெண்கள் வேனைப் பார்த்துப் பஸ் நிறுத்தத்திலேயே உட்கார்ந்துவிட்டார்கள். ஓடினேன்.

"வாங்கக்கா, ஓட்டு போட்டுட்டு போலாம்."

"இன்னாத்துக்குடா போலீஸு வந்துகீது?"

"பாதுகாப்புக்கு."

"யாருக்கு?"

"உங்ககிட்டருந்து போலீஸுக்கு."

ஒருத்தியும் சிரிக்கவில்லை. மூத்த அக்கா மற்றவர்களிடம் திரும்பினாள். "ரேஷன்ல எண்ணெய் ஃப்ரீனு சொல்லி நம்மள வெயில்ல நிக்க வெச்சவன்தான இவன்? சிரிச்சிகினே இட்டுனு போயி வேன்ல ஏத்திடுவான்."

அம்மாவிடம் ஓடிப்போய் மூச்சு வாங்கிக்கொண்டே சொன்னேன். "அந்த அக்காதாம்மா போலீஸ கூப்ட்டுகீது. உன் ஓட்டெல்லாம் ஸ்டாப்பிங்ல குந்திகினுகீது."

அம்மா முகம் ஒரு மாதிரி ஆனது. "அவ இல்லடா. நான்தான் மனு குடுத்தேன்."

"நீயா!"

"போன தேர்தல்ல ஓட்டுப் பொட்டிய தூக்கிகினு ஓடுனானுங்களே, மறந்துட்டியா?"

"எங்கிட்ட சொல்லவே இல்ல?"

"உங்கிட்ட சொன்னா டீக்கட வரைக்கும் தெரிஞ்சிடும்."

சொல்லிவிட்டு, வாசலில் கிடந்த செருப்பைக்கூட மாட்டாமல் நிறுத்தத்துக்கு நடந்தாள். போலீஸுக்கு மனு கொடுத்தது தான்தான் என்று சொன்னாள். மூத்த அக்கா அவளை மேலும் கீழும் பார்த்தாள்.

"எங்க ஊட்ட இடிச்சப்போ உன் ஊடு மட்டும் தப்பிச்சுது. இப்போ நீ கூப்ட்டா போலீஸு வருது. இன்னா சமாச்சாரம்?"

அம்மா அவர்கள் பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டாள்.

"நம்பாட்டி போங்க. சாயங்காலம் கதவ சாத்திடுவாங்க. அப்பால அந்த அக்காவே துணி குடுக்கும், உங்களுக்கு கடைசில."

ஒரு பஸ் வந்து நின்று போனது. யாரும் ஏறவில்லை. பிறகு மூத்த அக்கா எழுந்தாள்.

"நீ முன்னாடி நட. உன் புள்ள எங்க பின்னாடி வரக்கூடாது."

வேனைத் தாண்டும்போது ஒருத்தி முந்தானையை இன்னொருத்தி பிடித்துக்கொண்டாள். வாசலில் உறுப்பினர் அட்டை பார்த்த பெண் போலீஸிடம் மூத்த அக்கா கேட்டாள்: "எங்க பேர எங்கியாச்சும் எழுதிக்குவியாம்மா?"

"என் லீவே போச்சுன்ற கடுப்புல கீறேன். போய் ஓட்ட போடும்மா."

அம்மா ஜெயித்தாள். முதல் கட்டுத் துணியோடு ஆட்டோவில் நானும் போனேன். அடுக்குமாடி வாசலில் மூத்த அக்கா துணியைத் தொடவில்லை. சீட்டுக்கு அடியில் குனிந்து பார்த்தாள். அப்புறம் நாங்கள் வந்த ரோட்டை எட்டிப் பார்த்தாள்.

"துணி மட்டும்தானா? பின்னால வேன் எதுனா வருதா?"

எனக்கு நாக்கு நுனி வரை கிண்டலாக ஒரு பதில் வந்துவிட்டது. அம்மா என் காலை மிதித்தாள்.