பிலாத்து இன்னாசி

இராயபுரத்தில் எங்கள் கோயில் பாஸ்காவில், அதாவது இயேசுவின் சாவை நடித்துக்காட்டும் நாடகத்தில், யாருக்கு என்ன வேஷம் என்பது எங்கள் தாத்தா காலத்திலேயே முடிவாகிப்போன விஷயம். இயேசு, மாதா, அருளப்பர் மூன்றும் படகு வைத்திருந்த பழைய குடும்பங்களுக்கு. அப்போஸ்தலர்கள் ரயில்வே குமாஸ்தாக்களுக்கு. மிச்சம் இருந்தது ரோமாபுரி. சாட்டை வீசுகிறவன், ஆணி அடிக்கிறவன், விலாவில் குத்துகிறவன், தீர்ப்புச் சொல்லிவிட்டுக் கைகழுவும் பிலாத்து ஆகியோருக்கு வெளியூர் ஆட்கள் போதும். சாமியை அடிக்கிற கை நம் வீட்டுக் கையாக இருக்கவேண்டாம் என்று பெரியவர்கள் நினைத்தார்கள்.

என் அத்தை சிலுவையம்மாளின் புருஷன் இன்னாசி அப்படி வெளியிலிருந்து வந்தவர். நெட்டுக்குப்பத்துக்காரர். துறைமுகத்தில் சரக்கு தூக்கும் கப்பல் வின்ச் ஓட்டினார். கீழே சரக்கறையில் நிற்பவனுக்குக் கேட்கும்படி மேலிருந்து கத்திக் கத்தி வளர்ந்த தொண்டை. அந்தத் தொண்டைக்காகத்தான் அவருக்குப் பிலாத்து வேஷம் கிடைத்தது.

மாமாவுக்கு நாடகத்தைவிட முக்கியம் பெரிய வெள்ளிக்கிழமை. அன்று பொழுது சாயும்போது ஆண்டவரின் சுரூபத்தைப் பாடையில் கிடத்தித் தெருத்தெருவாகக் கொண்டுபோவார்கள். அந்தப் பாடைக்குத் தோள் கொடுக்கும் உரிமை பாஸ்காவில் வேஷம் கட்டியவர்களுக்கு மட்டும். பூசையில் அவர் மாதிரி ஆட்களுக்கு வாசலோரம்தான் இடம். கல்யாணப் பந்தியில் கடைசி. வருஷத்தில் அந்த ஒரு மாலை மட்டும், படகுக்காரர் தோளும் நெட்டுக்குப்பத்துத் தோளும் ஒரே மரத்தின் கீழே இருக்கும். "அவுருக்கு சம்பளநாள் கூட மறந்துடும், அது மறக்காது" என்பாள் அத்தை.

இத்தாலியிலிருந்து வந்த சரக்குக் கப்பல் ஒன்றின் சமையல்காரனிடம் மாமா எப்படியோ சைகையிலேயே தான் பிலாத்து என்று சொல்லியிருக்கிறார். அவன் விழுந்து விழுந்து சிரித்துவிட்டு, பிள்ளைகள் படிக்கும் சரித்திரப் புத்தகம் ஒன்றைக் கொடுத்தான். எழுத்து புரியாது. ஆனால் பக்கத்துக்குப் பக்கம் படம். மாமா அதைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு என்னிடம் வந்தார். நான் அப்போது கல்லூரியில் சரித்திரம் படித்துக்கொண்டிருந்தேன். நூலகத்து ஆங்கிலப் புத்தகத்தைப் பக்கத்தில் வைத்துப் படங்களுக்கு விளக்கம் சொன்னேன்.

ரோமானியர்கள் மலையிலிருந்து ஊருக்குத் தண்ணீர் கொண்டுவரக் கல் வளைவுகளின் மேல் கால்வாய் கட்டியதைச் சொன்னபோது, "ரெண்டாயிரம் வருசத்துக்கு மின்னாடியே பைப்பா? நம்ம தெருவுல இன்னும் கொடம் தூக்கிகினு அலையறாங்கோ" என்றார். தங்கள் குடிமகனைச் சிலுவையில் அறையமாட்டார்கள், அடிமைக்கும் கலகக்காரனுக்கும்தான் அந்தச் சாவு என்றேன். மாமா பீடியைப் பாதியில் அணைத்தார்.

எழும்பூர் மியூசியத்துக்குக் கூட்டிப்போனேன். நம் மண்ணில் தோண்டியெடுத்த ரோமாபுரிக் காசுகள் கண்ணாடிக்குள் இருந்தன. மிளகும் முத்தும் வாங்க யவனர்கள் கொட்டிவிட்டுப் போன தங்கம். ஒரு காசில் திபேரியு சக்கரவர்த்தியின் தலை. பிலாத்து அவருக்குக் கீழேதான் வேலை பார்த்தான் என்றேன். மாமா கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு நின்றார்.

"அப்ப இவன்தான் என் மொதலாளியா! மாமு, என் மொதலாளி காசு நம்மூர்ல கீதுடா!"

காவலாளி வந்து கண்ணாடியிலிருந்து விலகச் சொன்னான்.

வேஷத்துணி வழக்கமாக வால்டாக்ஸ் ரோட்டு வாடகைக் கடையிலிருந்து வரும். பிலாத்துக்குச் சிவப்பு வெல்வெட் அங்கி, ஜிகினா, டர்பன், ஒட்டு மீசை. பார்த்தால் டில்லி பாதுஷா. புத்தகத்தில் இருந்த ரோமாபுரி அதிகாரியோ முகம் மழித்தவன். உடம்பைச் சுற்றி ஒரே நீளமான வெள்ளைத் துணி, ஓரத்தில் ஊதாக்கரை, ஒரு மடிப்பு இடது தோளில். இடது கையால் அந்த மடிப்பைப் பிடித்துக்கொண்டே இருக்கவேண்டும், இல்லாவிட்டால் நழுவிவிடும். அதைக் கட்டிக்கொண்டு ஒரு வேலையும் செய்ய முடியாது. வேலை செய்யத் தேவையில்லாதவன் என்று காட்டத்தான் அந்த உடையே. வின்ச் ஓட்டும் மனிதருக்கு அதன்மேல் ஆசை வந்ததில் எனக்கு ஆச்சரியமில்லை.

பாஸ்கா சபைக் காரியதரிசி ஜேக்கப், ரயில்வே குமாஸ்தா, முதலில் ஒத்துக்கொள்ளவில்லை.

"பூசையிலயே லத்தீன தூக்கிட்டு தமிழ வெச்சிட்டானுங்கோ. இப்ப போயி நீ ரோமாபுரிய இட்டாறியே இன்னாசி!"

"லத்தீன் போனா போவட்டும் ஜேக்கப்பு. பிலாத்துக்கு டர்பன் எதுக்கு?"

"டர்பன பாத்தாத்தான் ஜனம் ராஜான்னு கண்டுக்கும்."

"அவன் ராஜா கெடியாது. அவனுக்கு மேல ஒருத்தன் கீறான். அவனுக்கு பயந்துகினுதான் இவன் இந்த வேலையே பண்றான்."

வாடகை மிச்சம் என்றதும் ஜேக்கப் இறங்கிவந்தார். அத்தை இரண்டு எட்டுமுழ வேட்டிகளை மூட்டினாள். கரைக்குச் சாயம் போட வண்ணாரப்பேட்டை ஹபீபுல்லா. அவரும் மாமாவும் பல வருஷத்துத் தோஸ்துகள். ரோமாபுரியில் இந்த ஊதாவைக் கடல் நத்தையிலிருந்து எடுத்தார்கள், தங்கத்தின் விலை என்று மாமா சொல்ல, "நத்தையா? காசிமேட்டுல கூடகூடயா கீது. ஒரு சட்டி சாயம் புழிஞ்சி குட்த்துட்டு போ மாமு, நான் வூடு கட்டிக்கிறேன்" என்று சிரித்தார் பாய். காசு வாங்கவில்லை. பகலில் பார்த்தபோது கரை நல்ல ஊதாவாகத்தான் இருந்தது.

எழுபதுகளின் தொடக்கம் அது. தேர்தல் முடிந்த கையோடு வந்த தவக்காலம். அந்த வருஷ பாஸ்காவுக்கு ட்யூப் லைட்டும் மைக் செட்டும் உபயம் செய்தவர், வட்டச் செயலாளராக இருந்ததால் வட்டம் செல்வம் என்று எல்லோரும் கூப்பிட்ட கட்சிக்காரர். எந்தக் கட்சி என்று எழுதமாட்டேன். இத்தனை வருஷம் கழித்தும் எனக்கு அந்தத் துணிச்சல் வரவில்லை. அதற்கு முந்தின கோடையில் கடலோரத்துக் குடிசைகள் எரிந்தன. நியாயம் கேட்கப்போன பெண்களிடம், "எனக்கும் இதுக்கும் சம்பந்தமில்ல" என்று சொல்லிவிட்டு அவர் வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டது ஊருக்கே தெரியும்.

மேடையில் பிலாத்து வந்தார். மழித்த முகம், வெள்ளைத் துணி, தோளில் மடிப்பு. ட்யூப் லைட் வெளிச்சத்தில் ஊதாக்கரை கறுத்து, கட்சிக்காரர்கள் வேட்டியில் போடும் கரையாகத் தெரிந்தது. மாமா இடது கையால் துணியைப் பிடித்துக்கொண்டு, வலது கையைச் செம்புத் தண்ணீரில் நனைத்து, இந்த மனிதன் சாவுக்கு நான் பொறுப்பில்லை என்று முழங்கினார்.

"டேய், நம்ம வட்டம்டா!" என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

"குட்ச எரிஞ்சப்பவும் இத்தான சொன்னாரு!"

விசில் பறந்தது. எரிந்த குடிசைக்காரிகள் தரையில் கையால் அடித்துக்கொண்டு சிரித்தார்கள். முன் நாற்காலியில் இருந்த செல்வம் எழுந்து போனார். என்ன நடந்தது என்று மாமாவுக்குப் புரியவில்லை. கைதட்டு என்று நினைத்து இன்னொரு தரம் கையை நனைத்தார்.

மறுநாள் விடிந்ததும் லைட்டைக் கழற்றிக்கொண்டு போனார்கள். சபை கூடியது. செல்வத்திடம் மன்னிப்பு வாங்கி வந்தால் பாடைக்குத் தோள் கொடுக்கலாம், இல்லாவிட்டால் இன்னாசி இனி பாஸ்கா பக்கமே வரவேண்டாம் என்றார்கள். பெரிய வியாழக்கிழமை காலையில் ஜேக்கப் மாமாவைச் செல்வத்தின் வீட்டுக்கு அழைத்துப்போனார். அத்தையும் கூடப் போனாள். அவள் சொல்லித்தான் இதை எழுதுகிறேன்.

"யார் சொல்லிக் குட்த்து இத்த கட்டிகினு வந்த?" என்றார் செல்வம்.

"யாரும் சொல்லலண்ணே. ரோமாபுரில அப்டித்தான் கட்டுவாங்கோ. பொஸ்தகத்துல கீது."

"ரோமாபுரிக்கு எங்க கட்சிக்கர எப்டிப்பா போச்சி? கப்பல்லயா?"

உள்ளே இருந்தவர்கள் சிரித்தார்கள். மாமா புத்தகத்தை நீட்டினார். செல்வம் அதைத் தொடவில்லை.

"பொஸ்தகத்துல ஊதா கீது. உன் துணில ஊதாவா இருந்திச்சி? எவனோ உன்ன வெச்சி ஆடிக்கிறான். அவன் பேர சொல்லிட்டுப் போ. நாளைக்கி தாராளமா தோள் குடு."

ஜேக்கப் மாமாவின் விலாவில் இடித்தார். மாமா, மேலிருந்து கத்தும் அந்தத் தொண்டையில் காற்று மட்டும் வருவதுபோல, "சாயம் போட்டவரு கலரு மாத்திட்டாரு போல" என்றார்.

"எந்த சாயக்காரன்?"

"வண்ணாரப்பேட்ட ஹபீபுல்லா."

"அவன் எந்தக் கட்சி?"

ஹபீபுல்லா எந்தக் கட்சியிலும் இல்லை. ஓட்டுப் போடக்கூட முனகிக்கொண்டுதான் போவார். மாமா அதைச் சொல்லவில்லை. தெரியாது என்றும் சொல்லவில்லை. செல்வத்துக்கு அது போதும்.

அன்று மத்தியானமே ஹபீபுல்லாவின் சந்துக்குள் செல்வத்தின் ஆட்கள் நுழைந்தார்கள். சாயத்தொட்டிகளைக் கவிழ்த்தார்கள், அண்டாக்களை நசுக்கினார்கள், ஊரார் கொடுத்திருந்த துணிகளை ஒன்றாகச் சேர்த்துச் சாக்கடையில் மிதித்தார்கள். ஹபீபுல்லாவின் பெண்சாதி ரஹீமுன்னிசா அத்தை வீட்டு வாசலுக்கு ஓடிவந்து, "இன்னாசி அண்ணன கூப்டுங்கோ, அவுரு சொன்னா கேப்பாங்கோ" என்று அழுதாள். மாமா உள்ளேதான் இருந்தார். அத்தை, அவர் வேலைக்குப் போய்விட்டதாகச் சொன்னாள்.

வெள்ளிக்கிழமை மாமா தோள் கொடுத்தார். ஜேக்கப் அவருக்கு முன்பக்கமே இடம் போட்டுக்கொடுத்திருந்தார். வெள்ளை ஜிப்பா, நெற்றியில் வியர்வை. பக்கத்தில் இயேசுவாக நடித்த படகுக்காரர் வீட்டுப் பையன், "இன்னாசி அண்ணே, நல்லா பண்ணீங்கோ, போங்க" என்று சிரித்துக்கொண்டே வந்தான். பெண்கள் மாரில் அடித்துக்கொண்டு புலம்பல் பாடினார்கள். மாமா யாரையும் பார்க்காமல் நடந்தார். வீட்டுக்கு வந்து சாப்பிட்டார், தூங்கினார். அதற்குப் பிறகும் வருஷா வருஷம் தோள் கொடுத்தார். கேட்டு வாங்கிய உரிமையை எப்படி வேண்டாம் என்பது?

ஹபீபுல்லா தொழிலை விட்டுவிட்டு மீஞ்சூர் பக்கம் போய்விட்டார். ஏதோ அரிசி மண்டியில் வேலை என்றார்கள். சில வருஷம் கழித்து மாமாவும் அத்தையும் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டு மீஞ்சூர் ஸ்டேஷனில் ரயிலுக்கு நின்றபோது அவரே எதிரில் வந்தார். ஓடி ஒளிய பிளாட்பாரத்தில் இடமில்லை. பாய் அத்தையைப் பார்த்து உடம்பு எப்படி என்று விசாரித்தார். டீ வாங்கிக்கொடுத்தார். மாமா கையில் டம்ளர் ஆறிக்கொண்டிருந்தது.

"பாய், நா அன்னிக்கி..."

"வுடு மாமு. நீ இன்னா பண்ணுவ, அவங்கோ கேட்டாங்கோ." டம்ளரைக் கடைப்பலகையில் வைத்துவிட்டு, ஏதோ விலை விசாரிப்பதுபோலச் சாதாரணமாகக் கேட்டார்: "அன்னிக்கி சாமிய தூக்குனியே, கனமா இருந்துச்சா?"

பொய் சொல்லத் தெரியாத மனிதர் என்று அத்தை இன்றும் மாமாவைப் பற்றிச் சொல்வாள்.

"இல்ல பாய்," என்றார். "தூக்க ஆளு நெறய. ஒண்ணும் தெரில."