பனிமுறிக்குப் பாகு காய்ச்சிய அப்பா

ஒரு வாரமாக அரிகிருஷ்ணனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. மில் மூடியபோதுகூட மனிதர் இப்படித் தலையைப் பிய்த்துக்கொள்ளவில்லை. தறியை விட்டார், கரண்டியைப் பிடித்தார், பஸ் ஸ்டாண்டு பக்கத்து டீக்கடையில் மாஸ்டர் ஆகிவிட்டார். இது அப்படியா? இது பெண் விஷயம். அதுவும் ஒரே பெண்.

பெண் பெயர் அறிவுமதி. ஞாயிற்றுக்கிழமை அவளுக்கு நிச்சயதார்த்தம். மாப்பிள்ளை செம்மல், கனகசெட்டிக்குளத்துப் பையன். வீட்டில் இருந்தபடியே கம்ப்யூட்டரில் படம் வரைகிற வேலை. பையன் தங்கம், ஒரு குறை சொல்ல முடியாது. எல்லாக் குழப்பமும் அறிவுமதி சாப்பிடும்போது சொன்ன ஒரு பேச்சில் ஆரம்பித்தது.

"அப்பா, நிச்சயத்துக்கு லட்டு கிட்டுலாம் வேணாம்பா. வால்மொரேல பனி உடையிற மாசத்துல பனிமுறின்னு ஒரு இனிப்பு பண்ணுவாங்க. அத நீ பண்ணு. வீட்ட விட்டுப் போற பொண்ணுக்கு அப்பா கையாலதான் பண்ணணும். அதான் அங்க சடங்கு."

"யாரு போறது?"

"நாந்தான். கல்யாணம் ஆச்சுன்னா நானும் செம்மலும் முழுநேரமும் வால்மொரேலதான்!" சிரித்துக்கொண்டே கை கழுவப் போய்விட்டாள்.

வேறு அப்பனாக இருந்தால், "அது எங்கடி இருக்குது?" என்று அங்கேயே கேட்டிருப்பான். இவர் கேட்கவில்லை. படித்த பெண்ணிடம் தெரியாது என்று சொல்ல வெட்கம். தவிர, புதுச்சேரிக்காரருக்கு இதெல்லாம் புதுசா என்ன? தெருவுக்கு ஒரு வீட்டில் யாராவது பாரிசில் இருக்கிறார்கள், இல்லாவிட்டால் ரெயூனியன் தீவில் இருக்கிறார்கள். வால்மொரேயும் வெள்ளைக்காரன் பிடித்து வைத்திருந்த ஏதோ ஒரு தீவு என்று அவரே முடிவுகட்டிக்கொண்டார். போனில் தேடியிருக்கலாம். தேடப் பயம். எவ்வளவு தூரம் என்று அது காட்டிவிடுமே!

மனைவி லட்சுமியிடம் மெல்லக் கேட்டுப் பார்த்தார். "உனக்கு வருத்தமா இல்லியா?"

"இன்னா வருத்தம்? அதுங்களுக்குப் புடிச்ச ஊரு, இருந்துட்டுப் போவட்டும். நீ பலகாரத்த ஒழுங்கா பண்ணு."

பெற்றவள் பேசுகிற பேச்சா இது? அரிகிருஷ்ணனுக்கு இன்னும் குழம்பியது.

கடைசியில் எதிர்வீட்டு அந்துவானிடம் போனார். அந்துவான் பிரெஞ்சு ராணுவத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக இருந்து பென்ஷன் வாங்குகிறவர். தெரியாது என்ற வார்த்தை அவர் வாயில் வந்ததாகச் சரித்திரமே கிடையாது.

"முசே, வால்மொரே தெரியுமா?"

"தெரியாம? எங்க மாமா அங்கதான ட்யூட்டில இருந்தாரு! குளுருன்னா குளுரு, அப்படி ஒரு குளுரு. கப்பல்லதான் போவணும்."

"திரும்பி வந்துட்டாரா?"

"எங்க வந்தாரு? அங்கியே ஒருத்தியக் கட்டிக்கினு தங்கிட்டாரு."

அரிகிருஷ்ணன் செருப்பைக்கூட மாட்டாமல் வீட்டுக்குத் திரும்பினார்.

இதற்கிடையில் அறிவுமதி செய்முறை சொன்னாள். சங்குப்பூ ஊறிய பாலில் கடற்பாசியைக் காய்ச்சி ஊற்றி நீலமாக உறைய விட வேண்டும். அதுதான் ஆறு. அதன்மேல் கண்ணாடிபோல ஒரு சர்க்கரைத் தகடு. அதுதான் பனி. போகிற பெண் விரல் முட்டியால் அதைக் குட்டி உடைக்க வேண்டும்.

"ஒரே குட்டுல உடையணும்பா. உடையலன்னா அடுத்த பனி முடியிற வரைக்கும் பொண்ணு அப்பா வூட்டுலதான் இருக்கணும்."

இந்த ஒரு சங்கதி மட்டும் அரிகிருஷ்ணனுக்கு நன்றாக விளங்கியது.

ஞாயிறு காலை அடுப்பில் பாகு கொதித்தது. டீக்கடைக்குக் கடலை மிட்டாய் போட்டுப் போட்டுத் தேறிய கை. பாகை ஒரு சொட்டு தண்ணீரில் விட்டு, எடுத்துத் தட்டில் போட்டால் டங்கென்று சத்தம் வர வேண்டும். அப்போது இறக்கினால் தகடு படீரென்று உடையும். அரிகிருஷ்ணன் சொட்டு விட்டார். சத்தம் வரவில்லை. இன்னும் கொஞ்ச நேரம் கொதித்தால் போதும். அடுப்பையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு சட்டென்று இறக்கித் தட்டில் ஊற்றிவிட்டார். பாவி மனுஷன், தெரிந்தேதான் செய்தார்.

சபை கூடியது. தாம்பூலம் மாற்றினார்கள். ஆறிப்போன தகட்டால் மேலே மூடிய பனிமுறியை நடுவில் வைத்தார்கள். எல்லோரும் எட்டிப் பார்க்க, அறிவுமதி முட்டியை மடக்கி ஒரு குட்டு குட்டினாள். தகடு உடையவில்லை. சவ்வு மிட்டாயாக உள்ளே அமுங்கி அவள் விரலோடு இழுத்துக்கொண்டு வந்தது. சபையே கொல்லென்று சிரித்தது.

அரிகிருஷ்ணன் மட்டும் சிரிக்கவில்லை. எழுந்து நின்று, "உடையல. எல்லாரும் பாத்தீங்க இல்ல? எம்பொண்ணு அடுத்த பனி முடியிற வரைக்கும் இங்கதான் இருக்கும். வால்மொரேக்கு அனுப்ப மாட்டேன்" என்றார். குரல் உடைந்துவிட்டது.

செம்மல் திருதிருவென்று முழித்தான். "மாமா, வால்மொரேன்னு ஒரு ஊரே இல்ல மாமா. அது நாங்க ரெண்டு பேரும் பண்ற கதை. மதி எழுதுறா, நான் படம் போடுறேன். கல்யாணத்துக்கு அப்பறம் அதையே முழுநேர வேலையா பண்ணலாம்னு இருக்கோம்."

"அப்ப எங்க இருப்பீங்க?"

"எங்க வூட்டுலதான். கனகசெட்டிக்குளத்துல."

லட்சுமி தலையில் அடித்துக்கொண்டாள். "அய்யோ, உனக்குத் தெரியும்னுல்ல நெனச்சேன்!" எல்லோரும் அந்துவானைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் வேட்டியைச் சரிசெய்துகொண்டு, "எங்க மாமா போனது வேற வால்மொரே" என்றார். சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆனது. அரிகிருஷ்ணனும் சேர்ந்து சிரித்தார், வயிறு வலிக்கச் சிரித்தார். அப்பாடா என்றிருந்தது.

பந்திக்கு இலை போடும்போது ஆளைக் காணோம். அறிவுமதி தேடிக்கொண்டு போனாள். சமையலறையில் அடுப்புப் பக்கம் திரும்பி நின்று மனிதர் தேம்பிக்கொண்டிருந்தார்.

"ஏம்ப்பா, அதான் ஊரே இல்லன்னு ஆச்சே! இன்னும் இன்னாத்துக்கு அழுவுற?"

"எனக்கே தெரியலம்மா" என்றார். துண்டால் மூக்கைத் துடைத்தார். "தூரமாப் போறியேன்னுதான் அழுவ வருதுன்னு இத்தன நாளா நெனச்சிக்கினு இருந்தேன்."