ராசம்மாள் டீ குடித்த காட்சி

பெருந்துறைத் தியேட்டர் ஒன்றில் அங்கப்பன் ஆப்பரேட்டர். கடைசி பஸ்ஸைப் பிடிக்க வேண்டிய கிராமத்துக்காரர்களுக்காக ஒரு பாட்டையோ சண்டையையோ வெட்டி வைப்பதும், படப்பெட்டி அடுத்த ஊருக்குப் போகும் முன் அதைத் திரும்ப ஒட்டிவிடுவதும் அந்தத் தொழிலில் வழக்கம். ஒட்டாமல் அவர் ஒரு பெட்டியையும் அனுப்பியதில்லை, தொண்ணூற்று நான்கு வரை.

அந்த வருடம் வந்த சின்னப் படம் ஒன்று பக்கத்துக் கிராமத்தில் எடுத்தது. கோவை வட்டாரத்துக்கே ஒரு பிரிண்டுதான். அங்கப்பனின் மனைவி பாவாத்தாளுடைய சின்னம்மா ராசம்மாள் அதில் ஒரே ஒரு காட்சியில் வருகிறார். கரும்பு வெட்டிவிட்டு வரும் பெண், டீக்கடை பெஞ்சில் எல்லோருக்கும் நடுவே உட்கார்ந்து அவர்கள் குடிக்கும் அதே கிளாசில் டீ குடிக்கிறாள். வசனம் கிடையாது. நிஜத்தில் அந்தக் கடையில் ராசம்மாளின் சனத்துக்கு அப்போதும் தனி டம்ளர்தான். சென்சார் போர்டு அந்தக் காட்சியைத் தொடவில்லை.

முதல் நாள் படம் பார்த்த ஊர்ப் பெரியவர்கள் இருவர், கடை அடையாளம் தெரிகிறது என்று முதலாளி ரங்கராஜிடம் வருத்தப்பட்டார்கள். மிரட்டவில்லை. ரங்கராஜ் மாடியில் இருந்த ஆப்பரேட்டர் ரூமுக்கு வந்து, எதற்கு வம்பு, அதை எடுத்துவிடு என்றார். மறுத்திருந்தால் வேலை போயிருக்கும் என்று சொல்ல முடியாது. அங்கப்பன் மறுத்துப் பார்க்கவில்லை. தானும் அதே சனம் என்பது முதலாளிக்கு அந்த நேரத்தில் ஞாபகம் வந்துவிடக் கூடாது என்பதே அவர் கவலையாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை மேட்னிக்கு ராசம்மாள் அக்கம்பக்கத்துப் பெண்களோடு வந்தார். படம் விட்டதும் மாடிப்படியருகே காத்து நின்றார்.

“ஏனுங்க மாப்ளே, நா வரவே இல்லீங்களே?”

“சென்சார்ல வெட்டிப்போட்டாங்க அத்தே.”

“வெட்டற அளவுக்கு நா என்னத்த அவுத்துப்போட்டு ஆடுனனாமா? டீதானுங்க குடிச்சேன்.”

பெண்கள் சிரித்தார்கள். அங்கப்பனும் சிரிக்க வேண்டியிருந்தது.

வியாழக்கிழமை பெட்டி கோபிசெட்டிபாளையத்துக்குக் கிளம்பியது. ராசம்மாளின் மகளைக் கட்டிக்கொடுத்த ஊர். ஒட்டி அனுப்பினால் மகள் பார்ப்பாள். வெட்டியது யார் என்பது தெரிந்துவிடும். வெட்டச் சொன்னது முதலாளி. ஒட்டாதே என்று யாரும் சொல்லவில்லை. ஃபிலிம் துண்டை ஜன்னல் விளிம்பில் வைத்துவிட்டு அங்கப்பன் பெட்டியை மூடிக் கொடுத்தார்.

அதன் பிறகு கோவை வட்டாரத்தில் எந்த ஊரிலும் அந்தக் காட்சி ஓடவில்லை. நீ எங்கே நடித்தாய் என்று யாராவது சீண்டினால், மெட்ராஸ்காரர்கள் வெட்டிவிட்டார்கள் என்பார் ராசம்மாள்.

“எங்க மாப்ளயக் கேளுங்க. அவருதான் படம் ஓட்டுனவரு.”

அவர்களும் கேட்பார்கள். அங்கப்பன் ஆமாம் என்பார்.