பொம்மைக்குப் பதில் நின்ற டைலர்

செஞ்சி பஸ் ஸ்டாண்டுப் பக்கம் தையல் கடை வைத்திருக்கும் கவுஸ் பாஷா, ஹஜ்ஜுக்குப் பல வருஷம் மனுப் போட்டுப் பார்த்தவர். குலுக்கலில் பெயர் வரவே இல்லை. கடைசியில் அவர் மனைவி ஷம்ஷாத், "இனிமே போடாதீங்க. எதிர்பார்த்து எதிர்பார்த்து எனக்கு பிரஷர் ஏறுது" என்று சொல்லிவிட்டாள். அவரும் விட்டுவிட்டார்.

ஆடி மாதம் பஸ் ஸ்டாண்டை ஒட்டியிருந்த சின்ன மியூசியத்தில் ஹஜ் யாத்திரை பற்றி ஒரு கண்காட்சி வைத்தார்கள். பழைய கப்பல் டிக்கெட், ஜம்ஜம் தண்ணீர் கொண்டுவந்த தகர டப்பா, அட்டையில் செய்த காபா எல்லாம் வந்து சேர்ந்தன. யாத்திரை உடுப்பான இஹ்ராமைக் கட்டிக் காட்ட வேண்டிய பொம்மை மட்டும் வரவில்லை. பொறுப்பாளர் சிவசங்கர் நேராகத் தையல் கடைக்கு வந்தார்.

"பாய், ஒரு நாளைக்கு நீங்க நிக்கணும்."

"இஹ்ராம்ல தையலே கெடையாது சார். அதுக்கு டைலரு எதுக்கு?"

"தைக்க வேணாம். கட்டிக்கினு நின்னா போதும்."

யாத்திரை போகும் எண்ணம் வைக்காமல் கட்டினால் அது வெறும் துணிதான், தப்பில்லை என்று பள்ளிவாசல் இமாம் சொன்ன பிறகு போனார். இடுப்பில் ஒரு வெள்ளைத் துணி, தோளில் ஒன்று. மேடையில் ஏறி அசையாமல் நின்றார்.

அன்று அமாவாசை. மேல்மலையனூர் அம்மன் கோயிலுக்குப் போகும் ஸ்பெஷல் பஸ்ஸுக்குக் காத்திருந்த கூட்டம் வெயிலுக்கு உள்ளே ஒதுங்கியது. ரத்தினம்மாள் என்றொரு அம்மா செருப்பைக் கழற்றிவிட்டு வந்து, அவரைக் கும்பிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"ஐயோ, கும்பிடாதீங்கம்மா! நான் டைலரு!"

அந்தம்மா பதறவில்லை. "மனுசனா? சரி. இது இன்னா வேசம்?"

சொன்னார். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "நீ போயிட்டு வந்துட்டியா?" என்றாள்.

"இல்லம்மா. பேரு வரல."

அதற்கப்புறம் பொம்மையாக நிற்க முடியவில்லை. வந்தவர்கள் எல்லாரும் அதையே கேட்டார்கள். எல்லாருக்கும் அதையே சொன்னார்.

மத்தியானம் சாப்பாட்டு கேரியரோடு வந்த ஷம்ஷாத் வாசலிலேயே நின்றுவிட்டாள். கல்யாணத்தன்றுகூட அவள் அவரை அவ்வளவு நேரம் பார்த்ததில்லை. பிறகு கிட்டே வந்து, நழுவியிருந்த தோள்துணியை இழுத்துவிட்டாள்.

"பேரு வரல, வரலன்னு ஊருக்கே சொல்லிக்கினு இருக்கீங்களா?"

"கேக்குறாங்களே, இன்னா சொல்றது?"

"மனுப் போட்டிருக்கோம்னு சொல்லுங்க."

"போடலியே."

"போடுங்க."

மறுநாள் விழுப்புரத்திலிருந்து பொம்மை வந்தது, தலை இல்லாமல். கவுஸ் பாஷாவே போய் அதற்குத் துணி கட்டிவிட்டு வந்தார்.

அந்தத் தடவையும் குலுக்கலில் பெயர் வரவில்லை. காத்திருப்புப் பட்டியலில் இருந்தது. கோடை ஆரம்பத்தில், யாரோ வரவில்லை என்று சொன்னதால் இரண்டு இடம் கிடைத்திருப்பதாகப் போன் வந்தது. ஷம்ஷாத்தான் எடுத்தாள். "நெசமாவா?" என்று கேட்டுவிட்டு, பதில் வருவதற்குள் கட் பண்ணிவிட்டாள். திரும்பக் கூப்பிட வேண்டியதாயிற்று.

மக்காவில் காபாவை முதன்முதலாகப் பார்த்தபோது, அல்லாவிடம் கேட்க நினைத்திருந்ததெல்லாம் கவுஸ் பாஷாவுக்கு மறந்துபோனது. ஷம்ஷாத்துக்கு ஞாபகம் இருந்தது. இரண்டு பேருக்குமாக அவளே கேட்டாள்.

திரும்பி வந்தபோது பள்ளிக்கூடம் திறந்திருந்தது. யூனிஃபார்ம் துணி கடையில் ஆளுயரத்துக்குக் கிடந்தது. இப்போது ஊரில் அவரை டைலர் என்று யாரும் கூப்பிடுவதில்லை.

"ஹாஜியாரே, பேண்ட் எப்ப ஆவும்?"

"நாளைக்கு" என்கிறார்.