பேசாமல் நடந்த ஹோட்டல்

ஹட்டன் பஸ் நிலையத்துக்குப் பின்னால் நாகலெட்சுமி அக்கா நடத்தும் சாப்பாட்டு ஹோட்டலில் ரொட்டி போடுகிறவன் நான், அழகுமுத்து. குடிகாரன் என்று ஊரே கதவைச் சாத்தியபோது, "வா, அடுப்படியில நில்லு. குடிச்சிட்டு வந்தா கரண்டியாலயே போடுவேன்" என்று சேர்த்துக்கொண்ட மகராசி. அவர் அதட்டாமல் எனக்கு ஒருநாளும் விடிந்ததில்லை.

போன மழைக்காலத்தில் அக்காவின் தொண்டையில் கட்டி. ஆபரேஷன் முடிந்ததும் டாக்டர் சொல்லிவிட்டார்: ஒரு மாதம் மூச்! மீறிப் பேசினால் குரல் திரும்பாது. "கடையைப் பூட்டிடுவோங்கக்கா" என்றேன். முறைத்தார். ஆஸ்பத்திரியிலிருந்து ஊருக்கு வந்த மறுநாளே கல்லாவில் உட்கார்ந்துவிட்டார்.

அப்புறம் நடந்த கூத்தை என்னவென்று சொல்ல! பொறு என்று ஐந்து விரலையும் விரித்துக் காட்டினார். நான் ஐந்து கொத்து ரொட்டி போட்டேன். தலையில் அடித்துக்கொண்டார், பரிமாறும் ஜெயந்தினி தலைவலியாக்கும் என்று இஞ்சித் தேத்தண்ணியோடு ஓடிவந்து என்மேல் மோதினாள். தேத்தண்ணி முழுக்க என் இடுப்புச் சாரத்தில்.

எங்களைக் கூப்பிட இனி இதுதான் வழி என்று அக்கா ஒரு தகரத் தட்டைக் கரண்டியால் தட்டினார். தட்டினார் பாருங்கள், அச்சு அசல் இழவு வீட்டுத் தப்பு மேளம்! தேயிலைத் தோட்டத்துச் சனம் சும்மா இருக்குமா? கடித்த ரொட்டியைப் போட்டுவிட்டு, குல்லாவைக் கழற்றிக்கொண்டு, அத்தனை பேரும் வாசலில் மழையில் நின்றார்கள். ரோட்டில் ஒரு பஸ்கூட ஓரம் கட்டியது.

"யாருங்க போய்ட்டாங்க?" என்றார் தினமும் சாப்பிட வரும் பொன்னையா அண்ணன்.

யாரும் சாகவில்லை என்று கத்த அக்கா வாயைத் திறந்தேவிட்டார். பாய்ந்துபோய் மாவுக் கையால் அவர் வாயைப் பொத்தினேன்.

"பேசாதீங்கக்கா! குரல் போயிடும்!"

வாசலில் நின்றவர்களுக்கு அப்போதுதான் விஷயம் விளங்கியது. சிரிப்போடு உள்ளே வந்த பொன்னையா அண்ணன், "இதுக்கா தங்கச்சி இம்புட்டுப் பாடு? நீங்க உக்காருங்க, நாங்க பாத்துக்கிறோம்" என்றார். அன்றிலிருந்து அவரவரே தேத்தண்ணி ஊற்றி, குடித்த கோப்பையைக் கழுவி வைத்தார்கள். அக்காவைக் கையசைக்கக்கூட விடவில்லை. அந்தச் சனத்தை நினைத்தால் இப்போதும் நெஞ்சு நிறைகிறது. நல்லா இருக்கட்டும்.

மாதம் முடிந்து, பேசலாம் என்றார் டாக்டர். அன்று கடை நிறைய ஆள், ஒருவரும் மெல்லவில்லை. அக்கா எழுந்து கை கூப்பினார். வாயைத் திறந்தார். காற்றுதான் வந்தது. சட்டென்று மூக்கைச் சுளித்து என் பக்கம் திரும்பினார்.

"டேய் அழகு! ரொட்டி கருகுதுடா, எருமை!"

கரகரவென்று, ஆனாலும் அதே குரல். கடையே கைதட்டியது. நான் அடுப்பங்கரையிலேயே உட்கார்ந்து ஓவென்று அழுதேன்.